அறுநூற்றுப் பதினோராம் வரி

ஹார்ட் டிஸ்க்கில் நாற்பத்து மூன்று படங்கள்.
ஹெல்மெட்டைக் கழற்றாமலே
கொடுத்துவிட்டுப் போனான் ஓக்லா ஆபீஸ் பையன்.
எல்லாவற்றிலும் ஒரே ஆள்:
அர்ஹீப் லபூஷ்கின்.
அவர் ரஷ்ய மொழியில் பேசுவார், நான் தமிழில் எழுத வேண்டும்.
வரிக்குப் பதினோரு ரூபாய்.
வரிக்கு நாற்பத்திரண்டு எழுத்தைத் தாண்டக் கூடாது.

முனிர்க்காவில் மூன்றாவது மாடி.
எதிர்வீட்டுப் பால்கனியில் காயும் சட்டையை
இங்கிருந்தே மடித்து வைக்கலாம்.
கூலருக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டு உட்கார்ந்தேன்.

கோப்புகள் வருஷ வரிசையில் இல்லை.
செவ்வாய்க்கிழமை அவருக்கு எழுபது வயது,
மருமகளோடு பேச்சுவார்த்தை இல்லை,
ரயிலில் முட்டை உரித்துக்கொண்டிருக்கிறார்.
புதன்கிழமை பத்தொன்பது.
பெயர்கூடப் போடாத முதல் படம்.
வாளியோடு இடமிருந்து வலம் போகிறார்,
பின்னால் குண்டு விழுகிறது,
தண்ணீர் தளும்பிவிடுமே என்ற கவலைதான் முகத்தில்.
வசனம் இல்லை.
எனக்குக் காசும் இல்லை.

அப்புறம் டிராக்டர் ஓட்டினார். டாக்டரானார்.
ஒரே வருஷத்தில் இரண்டு கமிஸார்.
பதினாறு முறை செத்தார்.
ஒரு சாவுக்கு மட்டும் நாலு நிமிஷம்,
இருபத்தேழு வரி:
முந்நூறுக்கு மூன்று ரூபாய் குறைவு.
இன்னும் கொஞ்சம் பேசிவிட்டுப் போயிருக்கலாம் மனிதர்
என்று நினைத்தேன், வெட்கமில்லாமல்.

ஒரு சொல் எல்லாப் படத்திலும் வந்தது.
நிச்செவோ.
குண்டடி பட்டவனைத் தூக்கும்போது: வலிக்காது.
பெட்டியோடு கிளம்பும் மனைவியிடம்: பரவாயில்லை.
காலிச் சட்டியைத் திறந்து: ஒன்றுமில்லை.
விசாரிக்க வந்த அதிகாரியிடம்: நான் எதையும் பார்க்கவில்லை.
அதற்கு மட்டும் பதினெட்டுத் தமிழ் எழுதினேன்.
அவர் உதடு ஒரே மாதிரிதான் அசைந்தது.

இருபதாவது படத்தில் அந்த விரலைப் பார்த்தேன்.
பார்த்தேன் என்பது தப்பு,
அது இல்லை.
இடது கைச் சுண்டுவிரல்.
கையுறை மாற்றும்போது அரை நொடி,
நிறுத்தி நிறுத்திப் போட்டுப் பார்த்தேன்.

வேலையை விட்டுவிட்டுக் கைகளை மட்டும் தேட ஆரம்பித்தேன்.
எழுபத்து மூன்றில் அக்கார்டியன் வாசிக்கிறார்,
பத்து விரலும் இருக்கின்றன.
எழுபத்து நாலில் படமே இல்லை.
எழுபத்தைந்திலிருந்து அந்தக் கை கோட்டுப் பைக்குள்.
முப்பது வருஷம்
எந்த இயக்குநரும் அதை வெளியே எடுக்கச் சொல்லவில்லை.
தொப்பி கொடுத்தார்கள், பிடித்துக்கொள்ள.
குதிரைக் கடிவாளம் கொடுத்தார்கள்.
ஒரு படத்தில் பிறந்த குழந்தையைக் கொடுத்து
துணிக்குள் மறைத்தார்கள்.
தேசம் உடைந்த பிறகு
உருளைக்கிழங்கு வறுவல் விளம்பரம் ஒன்று,
பாக்கெட்டைப் பல்லால் கிழிக்கிறார்.
எல்லாரும் சிரித்திருப்பார்கள்.

இரவு பன்னிரண்டரைக்குக் கரண்ட் போனது.
லேப்டாப் வெளிச்சத்தில்
என் சுண்டுவிரலை மடக்கி
மேகி கிண்டிப் பார்த்தேன்.
கிண்ட வருகிறது.
பாட்டில் மூடிதான் திறக்க வரவில்லை.

கடைசிப் படம்.
காது கேட்காத கிழவர். சுற்றி இருப்பவர்களே பேசுகிறார்கள்,
வீட்டை விற்பதா, யாருக்கு எவ்வளவு என்று,
அறுநூற்றுப் பத்து வரி.
பேசி முடித்து அவர்கள் எழுந்து போனதும்
அவர் பையிலிருந்து கையை எடுத்து
மேசைமேல் வைக்கிறார்.
ரொட்டித் துணுக்குகளுக்கு நடுவே,
விரித்து, வெளிச்சத்தில்.
பதினோரு நொடி. பிறகு திரை கறுப்பு.

மறுநாள் தேவேந்தர் மெயில் போட்டான்:
அரசி ஜி, 611-வது வரியில் நேரம் குறித்திருக்கிறீர்கள்,
எழுத்து எதுவும் இல்லை. பிழையா?

பிழை இல்லை என்று பதில் போட்டேன்.
அதை எடுத்துவிடாதே என்றும்.

பில்லில் அறுநூற்றுப் பத்து என்றுதான் எழுதினேன்.